சும்மா இருக்கச் சொன்ன வேலை

ஜனவரி 9, திங்கள்

வக்கீலம்மா எழுதச் சொன்னாங்க, அதனால எழுதறேன். இல்லாட்டி இந்த வயசுல டைரி எழுதி நான் என்ன கலெக்டராகவா போறேன். உரக்கடையில ஓசிக்குக் கொடுத்த டைரி. பக்கத்துக்குப் பக்கம் பூச்சிமருந்து விளம்பரம்.

"யார் யார் வந்து வேவு பார்க்கறாங்களோ, தேதி போட்டு எழுதி வைங்க துளசிமணி, கேசுக்கு உதவும்"ன்னு சொன்னாங்க. கேசு என்னன்னும் எழுதிடறேன். நாளைக்கு எனக்கே மறந்து போனாலும் போயிரும்.

எங்கூட்டுக்காரரு பேரு திருமூர்த்தி. உடுமலைப் பக்கம் ஒரு மில்லுல நூல் நூக்கற மெஷின்ல இருந்தவரு. மேஸ்திரியப் புடிச்சுத் தள்ளிட்டாருன்னு ஆறு வருசத்துக்கு முன்னால வேலைய விட்டு எடுத்துட்டாங்க. கோயமுத்தூர் லேபர் கோர்ட்டுல நாங்க ஜெயிச்சோம். மறுபடியும் வேலைக்கு எடுக்கணும், விட்டுப்போன சம்பளத்தையும் கொடுக்கணும்னு தீர்ப்பு. மில்லுக்காரங்க விடுவாங்களா, மெட்ராசு ஐகோர்ட்டுக்குப் போயிட்டாங்க. அந்தக் கேசு முடியற வரைக்கும் இவருக்கு மாசாமாசம் பழைய சம்பளத்தைக் கொடுத்துட்டே வரணுமாம், சட்டம் அப்படி. ஆனா அதுக்கு ஒரு கண்டிசன். இவரு வேற எங்கயும் வேலை செஞ்சு சம்பாதிக்கக் கூடாது. செய்யலைன்னு கோர்ட்டுல சத்தியம் பண்ணிக் கையெழுத்துப் போட்டிருக்காரு. செஞ்சாருன்னு மில்லுக்காரங்க நிரூபிச்சுட்டா மாசச் சம்பளமும் போச்சு, விட்டுப்போன சம்பளமும் போச்சு, கேசே ஆட்டங் கண்டுரும்.

அதனாலதான் இந்த வேவு. ஊட்டு முன்னால இருக்கற இட்லிக்கடை என்னோட பேருல இருக்குது. இவரு அதுல ஒரு கரண்டி புடிச்சாலும் ஒரு டம்ளர் கழுவினாலும் போட்டோ எடுத்துருவாங்கன்னு வக்கீலம்மா எஸ்தர் தலைபாடா அடிச்சுட்டுச் சொல்லியிருக்காங்க. அதனால இவரு உள்ள உக்காந்திருப்பாரு. நான் வெளிய வேகறேன்.

இன்னைக்கு வந்தது: கிட்டுசாமி, மில்லுல ஆளுங்க வர்ற போற கணக்கு எழுதற டைம் ஆபீசுக் கிளார்க்கு. மூணு இட்லி, ஒரு வடை. போனைக் காதுல வெச்ச மாதிரியே சாய்ச்சு ஊட்டுக்குள்ள போட்டோ புடிச்சான். "கிட்டு, சட்னி போதுமா, இல்ல எங்கூட்டுக்காரரைக் கொண்டாந்து பக்கத்துல உக்கார வெக்கட்டுமா, படம் நல்லா விழும்"ன்னேன். "சும்மா இருங்க்கா"ன்னு தலையக் குனிஞ்சுட்டுத் தின்னான். காசு கொடுத்துட்டுத்தான் போனான், அதையும் எழுதிடறேன்.

ஜனவரி 15

பட்டிப் பொங்கல். பக்கத்துத் தோட்டத்துல மாட்டுக்குக் கொம்பு சீவ ஆள் பத்தலைன்னு இவரைக் கூப்பிட்டாங்க. செருப்பைக்கூட மாட்டிட்டாரு. நான் வேண்டாம்னுட்டேன். மாட்டைத் தொட்டா தோட்டத்து வேலைக்குப் போறாருன்னு எழுதிருவாங்க. பொங்கல் கொடுத்தனுப்பியிருந்தாங்க, தின்னோம்.

பிப்ரவரி 3

கிரைண்டருல இருந்து மாவுக் குண்டாவை எடுத்துட்டிருக்கேன், இடுப்புப் புடிச்சுக்கிச்சு. இவரு ஓடி வந்து வாங்கினாரு. நான் வெடுக்குனு புடுங்கிட்டேன். பாதி மாவு தரையில.

"யாரும் பார்க்கலை புள்ள"ன்னாரு.

"பார்த்தா உங்ககிட்டச் சொல்லிட்டா பார்ப்பாங்க"ன்னு கத்தினேன்.

பொறவு சொம்பை எடுத்துக் காட்டி, "தண்ணி மோந்து குடிக்கலாமா, இல்ல அதுக்கும் வக்கீலம்மாவைக் கேக்கணுமா"ன்னாரு. கேலி பண்றாருன்னு நான் சிரிச்சேன். அவரு சிரிக்கலை. இன்னைக்கு யாவாரம் பாதிதான்.

பிப்ரவரி 21

என்ற மக பிரவீணா ஜவுளிக்கடையில பில்லுப் போடறா. டைரியப் புரட்டிப் பார்த்துட்டு, "அப்பா ஏன் தள்ளுனாருன்னே எழுதலையேம்மா, ஏதோ ரவுடின்னு நெனச்சுக்கப் போறாங்க"ன்னா. சரி, எழுதறேன்.

மில்லு ஹாஸ்டல்ல தங்கி வேலை பார்க்கற வெளியூருப் புள்ளைங்க நெறைய. அதுல ஒரு சின்னப் புள்ளைய, ஓடிட்டிருக்கற மெஷினுக்கு அடியில பூந்து கூட்டச் சொல்லியிருக்கான் மேஸ்திரி. நிறுத்தினா உற்பத்தி கொறையுமாம். இவரு மெஷினை நிறுத்திட்டாரு. அவன் மறுபடியும் சுவிட்சு மேல கைய வெச்சிருக்கான். இவரு தள்ளிட்டாரு. அவன் டிராலி மேல விழுந்து மண்டையில தையல் போட்டாங்க. விசாரணையில அந்தப் புள்ளை எனக்கு ஒண்ணும் தெரியாதுங்கன்னு சொல்லிட்டு ஊருக்குப் போயிருச்சு. அதை நான் குத்தஞ் சொல்லலை. அதுக்கும் வயிறு இருக்குதில்ல.

இவரு குடிச்சிருந்தாருன்னும் மில்லுல சேர்த்து எழுதிட்டாங்க. "குடிச்சுட்டு வந்து அடிச்சேன், மன்னிச்சுருங்க"ன்னு எழுதிக் கொடுத்தா எடுத்துக்கறோம்னு மேனேஜரு அப்பவே சொன்னாரு. இவரு, "தள்ளுனேன்னு எழுதித் தர்றனுங்க, குடிச்சேன்னு எழுத மாட்டேன்"னுட்டாரு. பொய்யில கையெழுத்துப் போட மாட்டாராம். அரிச்சந்திரனுக்கு வாக்கப்பட்டா சுடுகாடுதான்னு எங்கம்மா அன்னைக்கே சொன்னா. லேபர் கோர்ட்டுத் தீர்ப்புல இதைத்தான் சொன்னாங்க. தள்ளுனது தப்பு, ஆனா அதுக்காக வேலையவே பறிக்கறது அதிகம்னு.

மார்ச் 12

முந்தாநேத்து மில்லு ஆபீசர் ஒருத்தரு காருல வந்தாரு. கேசை வாபஸ் வாங்கி ராஜினாமா எழுதிக் கொடுத்தா மொத்தமா ஒரு தொகை தர்றாங்களாம். எவ்வளவுன்னு எழுத மாட்டேன், எழுதினா தூக்கம் போயிரும். பிரவீணா கல்யாணத்தை முடிச்சுட்டு கடைக்கூரையும் மாத்தலாம். காபித் தம்ளரைக் கையில வெச்சுட்டு அப்படியே நின்னுட்டேன்.

இவரு கேட்டது ஒண்ணுதான். "என்ற மெஷினு இன்னும் ஓடுதுங்களா?"

அந்த ஆளுக்கு எந்த மெஷின்னே தெரியலை. "ஓடுது, ஓடுது"ன்னாரு.

"அப்ப நான் வேலைக்கு வர்றனுங்க. ராஜினாமா வேண்டாமுங்க"ன்னு சொல்லி அனுப்பிட்டாரு.

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு ரெண்டு நாளாப் பேசலை. வர்ற ஆவணிக்கு இவருக்கு அம்பத்தியேழு முடியுது. அம்பத்தெட்டுல ரிட்டயர்டு. மிச்சமிருக்கற கொஞ்ச நாளைக்கு இந்தப் பாடு. இன்னைக்கு நானே போய்ச் சோத்தைப் போட்டுட்டு, "ஏனுங், அந்த மில்லுல அப்படி என்னதான் இருக்குது"ன்னு கேட்டேன்.

"குடிகாரன்னு சொல்லித் தொரத்துன கேட்டு வழியாவே உள்ள போகணும் புள்ள. போயி மெஷின்ல நிக்கணும். அவ்வளவுதான்"ன்னாரு.

கொழம்பு ஊத்தினேன்.

ஏப்ரல் 2

எழுத ஒண்ணுமில்ல. கிட்டுசாமி வந்தான். ரெண்டு இட்லி.

ஏப்ரல் 19

இவரு பகல்ல தூங்க ஆரம்பிச்சுட்டாரு. சவரம் பண்றதில்லை. மில்லுச் சங்கு ஊதினா மட்டும் எந்திரிச்சு உக்கார்றாரு. "மாமாவுக்கு உடம்பு முடியலீங்களா"ன்னு கடைக்கு வர்றவங்க கேக்கறாங்க. "கொடுத்து வெச்ச மவராசன், சும்மா இருந்தே சம்பளம் வாங்கறாரு"ன்னு ஒருத்தன் சொன்னான். அவனுக்கு ரெண்டாந்தடவை சட்னி ஊத்தலை. ஊர் வாயை மூட உலைமூடி ஏது.

பொழுதோட, விளக்கு வெக்கற நேரத்துல மழை வந்துச்சு. கொடியில துணி கெடந்துது. நான் அடுப்புல மாட்டிக்கிட்டேன். இவரு வாசப்படியில நின்னு துணி நனையறதைப் பார்த்துட்டே நின்னாரு. "ஏனுங், எடுத்துப் போடலாமில்ல"ன்னா, "அதுவும் வேலைதானே"ன்னாரு. கேலியா கோவமான்னு தெரியலை. காய்ச்ச இருக்குதான்னு நெத்தியத் தொட்டுப் பார்த்தேன். இல்லை.

கொஞ்ச நாளைக்குத்தான். கேசு முடிஞ்சா எல்லாம் சரியாப் போயிரும்.

ஜூன் 4, ஞாயிறு

இவரு பங்காளி ஆறுச்சாமி மகளுக்கு இன்னைக்குக் கல்யாணம். பரிமாறக் கூலிக்கு ஆள் வெக்கறதை எங்க சனத்துல கௌரவக் கொறச்சலா நெனைப்பாங்க. சமையலுக்குத்தான் ஆளு. பந்தியில பங்காளிங்க வேட்டிய மடிச்சுக் கட்டிட்டு வாளியத் தூக்கணும். இவரு ஓரமா ஒரு சேர்ல உக்காந்திருந்தாரு. ஆறுச்சாமி வந்து, "என்னுங்க மூர்த்தியண்ணா, நம்மூட்டுக் கல்யாணத்துல விருந்தாளியாட்ட உக்காந்திருக்கறீங்க"ன்னு கேட்டுப் போட்டாப்ல.

இவரு என்னைப் பார்த்தாரு. சொந்தக்காரங்க கல்யாணத்துல எவன் வந்து வேவு பார்க்கப் போறான்னு நானும் தலைய ஆட்டிட்டேன்.

ரசவாளிய எடுத்தாரு. "ரசங்க, ரசம், கையில வாங்கறீங்களா"ன்னு அந்தக் கொரலு கேட்டு எத்தனை வருசமாச்சு. ஒரு பந்தி முடிஞ்சா உக்காரலை, அடுத்த பந்திக்கு எலை போடப் போயிட்டாரு. மச்சினன்மாருக்கெல்லாம் வேணும்னே ரசத்தை ரொப்பி ஊத்தி எலைய விட்டு ஓட வெச்சாரு. வேர்த்து ஊத்துது, சிரிப்பு நிக்கலை. நான் சாப்பிட முடியாம எந்திரிச்சு வந்து கைகழுவற எடத்துல நின்னு அழுதேன். சந்தோசத்துலதான்.

எல்லாம் முடிஞ்ச பொறவு, பரிமாறின பங்காளிங்களை வரிசையாக் கூப்பிட்டு, வெத்தலை பாக்கு, வேட்டி, துண்டு, மேல நூத்தியோரு ரூபா வெச்சுத் தட்டத்தோட கொடுத்தாங்க. இது வழக்கம். வாங்கலைன்னா கல்யாண ஊட்டையே அவமானப்படுத்தின மாதிரி. இவரு துண்டைத் தோள்ல போட்டுட்டு வந்தவரு, ஊட்டுக்கு வந்தும் கழட்டலை.

ஜூன் 19

வக்கீலம்மா போன் பண்ணினாங்க. மில்லுக்காரங்க கோர்ட்டுல ரெண்டு போட்டோ போட்டிருக்காங்களாம். ஒண்ணுல இவரு வாளியோட. இன்னொண்ணுல தட்டம் வாங்கறாரு, தட்டத்துல பணம் தெரியுது. சமையல் காண்ட்ராக்டருகிட்டப் பரிமாறற வேலைக்குப் போறாரு, துணியும் ரொக்கமுமாக் கூலி வாங்கறாருன்னு எழுதியிருக்காங்க. வேட்டி துண்டு கூலியாம். இந்த மாசச் சம்பளத்தையும் நிறுத்திட்டாங்க.

"வழக்கம்னு எடுத்துச் சொல்லலாம். ஆனா நீங்களாச்சும் தடுத்திருக்க வேண்டாமா துளசிமணி"ன்னு கேட்டாங்க.

இவரு பக்கத்துல நின்னு எல்லாத்தையும் கேட்டுட்டிருந்தாரு. பீரோவத் தெறந்து அந்த வேட்டியவும் துண்டையும் எடுத்துட்டுப் போயி ஆறுச்சாமிகிட்டத் திருப்பிக் கொடுத்திருக்காரு. ஆறுச்சாமி வாங்குவாப்லயா. நல்ல காரியத்துல கொடுத்ததைத் திருப்பி வாங்கினா புள்ளைக்கு ஆகாதுன்னு கையெடுத்துக் கும்புட்டிருக்காப்ல. துணிய அக்குள்ல இடுக்கிட்டு வெயில்ல நடந்து வந்தாரு. அன்னைக்குச் சிரிச்ச சிரிப்புக்கு இது தண்டம்.

ஜூன் 21

கிட்டுசாமி வந்தான். அவனும் அந்தக் கல்யாணத்துக்கு வந்திருந்தான், பொண்ணு ஊட்டுக்கு அக்கம்பக்கம். "ஏன்டா, மொய் வெச்சுட்டு, இவரு கையால ரசம் வாங்கிக் குடிச்சுட்டு, அப்புறம் போட்டோ புடிச்சியா"ன்னு கேட்டேன். கடையில இருந்தவங்க எல்லாம் திரும்பிப் பார்த்தாங்க.

"எடுக்கலைன்னா அடுத்து நாந்தாங்க்கா வெளிய. எனக்கும் ரெண்டு புள்ளைங்க"ன்னான்.

அவன் தட்டத்தைப் புடுங்கி வெளிய வீசணும்னு கை வந்துச்சு. உள்ள இருந்து இவரு, "துளசி, சாப்பிட விடு"ன்னாரு. விட்டுட்டேன்.

ஜூலை 27

மெட்ராசு போயிட்டு இப்பத்தான் வந்தோம். உடம்பெல்லாம் ரயில் ஆடற மாதிரியே இருக்குது. ஆனா இன்னைக்கே எழுதணும்.

ஜட்ஜு ஐயா போட்டோவப் பார்த்தாரு. வக்கீலம்மா வழக்கத்தைச் சொன்னாங்க. "எங்க சித்தப்பா ஊட்டுக் கல்யாணத்துல நானும் சாம்பார் ஊத்தியிருக்கேன், எனக்கும் வேட்டி கொடுத்தாங்க"ன்னு ஜட்ஜு ஐயா மில்லு வக்கீலைப் பார்த்துச் சொன்னாரு. கோர்ட்டே சிரிச்சுது. எனக்குப் போன உசுரு திரும்பி வந்துச்சு. ஆனா அதோட விடலை. இவருக்கு வயசாகுது, இழுத்துட்டே போனா யாருக்கும் லாபமில்லை, ரெண்டு பேரும் விட்டுக் கொடுத்துப் பேசிட்டு மத்தியானத்துக்கு மேல வாங்கன்னாரு.

வராண்டாவுல வக்கீலம்மா சொன்னாங்க. மில்லுக்காரங்க ரெண்டு வழிக்கு ஒத்துக்கறாங்க. விட்டுப்போன சம்பளத்துல பாதியத் தருவாங்க, வேலை கிடையாது. இல்லைன்னா வேலை தருவாங்க, குடிச்சாருங்கற பேச்சையும் ரெக்கார்டுல இருந்து எடுத்துருவாங்க, விட்டுப்போன சம்பளத்துல ஒரு பைசா கிடையாது.

இவரு செவுத்தைப் பார்த்துட்டே நின்னு, "துளசி சொல்லட்டுங்க"ன்னுட்டாரு.

கட்டிக்கிட்ட நாள்ல இருந்து இந்த மனுசன் என்னைக் கேட்டு ஒரு முடிவும் எடுத்ததில்லை. எனக்குப் பணம்தான் வேணும். இதை மறைச்சு எழுதி என்ன ஆகப் போகுது. கல்யாண வயசுல புள்ளை, ஒழுகற கூரை, வாங்கித் தின்ன கடன். பணம்னு சொல்லத்தான் வாயத் தெறந்தேன். "வேலைக்கே போகட்டுங்க"ன்னு வந்துருச்சு.

ஊருக்கு வர்ற வரைக்கும் ரயில்ல என்ற பையையும் சேர்த்து அவரே தூக்கிட்டாரு. நானும் வேண்டாங்கலை.

செப்டம்பர் 4, திங்கள்

இன்னைக்கு வேலையில சேர்ந்துட்டாரு. சவரம் பண்ணி, திருநீறு வெச்சு, புது டிபன் பாக்ஸுல தக்காளிச் சோறு. நான் கடைய பிரவீணா கையில விட்டுட்டு மில்லு வரைக்கும் போயி, ரோட்டுக்கு இந்தப் பக்கம் நின்னு பார்த்தேன். கேட்டு வழியாவே உள்ள போனாரு. வாட்ச்மேன் எந்திரிச்சு நின்னான். பழைய ஆளுங்க ரெண்டு மூணு பேரு வந்து கையப் புடிச்சுட்டாங்க. எனக்குப் பணத்தை விட்டது கொஞ்சங்கூட வலிக்கலை.

பொழுதோட வந்தாரு. "எப்படீங்க இருந்துச்சு"ன்னேன். "எல்லாம் மாத்திட்டாங்க. புது மெஷினு. நல்லா ஓடுது"ன்னாரு. சீக்கிரமே படுத்துட்டாரு. முதல் நாளாச்சே.

செப்டம்பர் 12

அந்தக் காலத்துல மில்லு விட்டு வந்தா தலையில புருவத்துல எல்லாம் பஞ்சா இருக்கும். இப்பச் சட்டையில ஒண்ணையும் காணோம். போட்டது போட்ட மாதிரியே வருது. புது மெஷினுல பஞ்சு பறக்காதாட்ட இருக்குது. எனக்குத் துவைக்கற வேலை மிச்சம்.

செப்டம்பர் 20

முதுகு வலிங்கறாரு. நின்னு வேலை செய்யறவங்களுக்குக் காலுதான வலிக்கும். பழக்கம் விட்டுப் போனதுல எங்கெங்கயோ வலிக்குது போல. தைலம் தேச்சு விட்டேன்.

செப்டம்பர் 29

ஆயுத பூசை. மில்லுல கொடுத்த பொரிகடலை கொண்டாந்தாரு. "உங்க மெஷினுக்கு நீங்கதான் பொட்டு வெச்சீங்களா"ன்னு கேட்டேன். "எல்லாத்துக்கும் வெச்சாங்க"ன்னாரு.

பிரவீணா பொரியத் தின்னுட்டே அப்பாவையே பார்த்துட்டிருந்தா. என்னடின்னேன். ஒண்ணுமில்லம்மான்னா.

அக்டோபர் 13

கிட்டுசாமி காலையில வந்தான். இப்பல்லாம் வேவு இல்லை, இட்லிக்குத்தான் வர்றான். இன்னைக்கு எல்லாரும் போற வரைக்கும் உக்காந்திருந்தான்.

"அக்கா, மனசு கேக்கலீங்க்கா"ன்னான்.

"என்னடா, மறுபடியும் போட்டோவா"ன்னேன்.

"மாமாவுக்கு மெஷின் கொடுக்கலீங்க்கா. டைம் ஆபீசு வராண்டாவுல ஒரு பெஞ்சு போட்டிருக்காங்க. வந்ததும் கையெழுத்து, போகும்போது கையெழுத்து. நடுவுல உக்காந்திருக்கணும், அதான் வேலை. யாரும் அவருகிட்டப் பேசக் கூடாதுன்னு வாய்வார்த்தையாச் சொல்லியிருக்காங்க. எந்திரிச்சுப் போயி எந்த மெஷினையாச்சும் தொட்டா, மறுபடியும் ஒழுங்கு மீறினதா மெமோ கொடுக்கக் காத்துட்டிருக்காங்க. முதல் நாளு, என்ற மெஷினு எதுங்கன்னு கேட்டாருங்க. சொல்றோம், உக்காருங்கன்னாங்க. அப்புறம் அவரு கேக்கவே இல்லீங்க்கா."

வக்கீலம்மாவுக்குப் போன் போட்டேன். "வேலை கொடுத்ததா ரெக்கார்டு இருக்கு, சம்பளமும் வருது. இதுக்குத் தனியாக் கேசு போட்டா அவரு ரிட்டயர்டு ஆன பொறவுதான் முடியும்"னாங்க. சாமி வரங் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க மாட்டான்.

கடைய மூடிட்டு உள்ள வந்து உக்காந்தேன். இத்தனை வருசமா வேலை செய்யாதீங்க, தொடாதீங்க, உக்காருங்கன்னு நான் காவல் காத்தேன். இப்ப அவங்க காக்கறாங்க. பொய்யில ஒரு கையெழுத்துப் போட மாட்டேன்னு எல்லாத்தையும் தொலைச்ச மனுசன், தினமும் பொழுதோட வந்து என்கிட்ட மெஷின் ஓடுதுங்கறாரு. நான் பணத்தை விட்டுக் கொடுத்தேனில்ல, அதுக்காகச் சொல்றாரு. வரட்டும், கேட்டே போடறது, நாளையில இருந்து போக வேண்டாம்னு சொல்லிரலாம்னு இருந்தேன்.

வந்தாரு. தலையிலயும் தோள்லயும் அங்கங்க பஞ்சு. கழிவுப் பஞ்சு கொட்டி வெக்கற ரூம் டைம் ஆபீசுக்குப் பின்னாலதான் இருக்குது, எனக்குத் தெரியும். பழுப்பேறிப் போன பஞ்சு.

வாசல்லயே நிறுத்தி, தலையில இருந்து ஒண்ணொண்ணா எடுத்து விட்டேன். சின்னப் புள்ளையாட்டக் குனிஞ்சு நின்னாரு.

"இன்னைக்கு வேலை அதிகமுங்களா"ன்னு கேட்டேன்.

"ஆமா புள்ள, நூலு அறுந்துட்டே இருந்துச்சு"ன்னாரு.

"சரி, கை கால் கழுவிட்டு வாங்க"ன்னு சொல்லிட்டு, சோறு போடப் போனேன்.